அருவா கத்தியோட கேரளா பார்டர் தாண்டுறவங்களுக்கு: சட்டம் என்ன சொல்லுது, எப்படி கொண்டு போகணும்

கம்பம், கூடலூர், போடி பக்கத்துல இருந்து விடியக்காலைல ஜீப் ஏறி இடுக்கி ஏலத்தோட்டத்துக்குப் போற சனங்க, வாழை வெட்டப் போறவங்க, இளநி வியாபாரம் பண்றவங்க, சபரிமலைக்கு வேன்ல சமையல் சாமானோட போற குரூப்பு, குலசாமிக்கு அருவா நேந்துக்கிட்டு எடுத்துட்டுப் போறவங்க, இவங்க எல்லார் கையிலயும் ஏதோ ஒரு வெட்டுற சாமான் இருக்கு. செக்போஸ்ட்ல வண்டிய நிறுத்தி "எந்தினா இது?"ன்னு கேட்டா பாதிப் பேருக்கு வாயே வர மாட்டேங்குது, பயத்துல ஒண்ணு கிடக்க ஒண்ணு உளறி, ஒண்ணும் இல்லாத விஷயத்த கேஸ் வரைக்கும் இழுத்து விட்டுக்கறாங்க. நான் உத்தமபாளையத்துல வக்கீல் குமாஸ்தாவா இருக்கேன், இந்த மாதிரி பேப்பர் கட்டு தினமும் கையில வர்றதால எனக்குத் தெரிஞ்சத விளக்கமா எழுதுறேன், தோட்டத்துக்குப் போற நம்ம சனங்க யாராச்சும் இருந்தா படிச்சுக் காட்டுங்க.

முதல்ல ஆயுதச் சட்டம், 1959ல வந்தது. அதுல ஆயுதம்னா என்னன்னு சொல்லும்போதே, தாக்கறதுக்கோ தற்காப்புக்கோ ஆயுதமா செஞ்சது அல்லது ஆயுதமா மாத்துனதுன்னு சொல்லி, கூர்மையான சாமான்களையும் அதுக்குள்ள சேர்த்துட்டு, கையோட ஒரு விலக்கும் குடுத்திருக்காங்க. வீட்டு உபயோகத்துக்கும் விவசாயத்துக்கும் மட்டும்னு செஞ்ச சாமான் இதுல வராது. அப்போ காய் நறுக்குற கத்தி, அருவாமனை, கதிர் அறுக்குற பண்ணருவா, விறகு வெட்டுற வெட்டருவா, தோட்டத்துல எல்லார் இடுப்புலயும் தொங்குற வாக்கத்தி, திராட்சைக்கு கவாத்து எடுக்குற கத்திரி, இதுக்கெல்லாம் லைசென்ஸ் கிடையாது, தேவையும் இல்ல. பொம்மை ஆயுதமும் வராது, எருமேலில பேட்டை துள்ளும்போது கன்னிச்சாமிங்க தூக்கிட்டுப் போற மரக்கத்தி, கதை, சரக்கோல் பத்தி யாரும் பயப்பட வேணாம்.

இன்ச் கணக்கு ஒண்ணு வாட்ஸ்அப்ல சுத்திக்கிட்டே இருக்கு, மூணு இன்ச்க்கு கீழ இருந்தா ஓகே, மேல போனா உள்ள தூக்கி வச்சிருவாங்கன்னு. அந்த மூணு இன்ச் டெல்லிக் கணக்கு, 1980ல டெல்லிக்குன்னு போட்ட நோட்டிபிகேஷன்ல 7.62 சென்டிமீட்டர் நீளம், 1.72 சென்டிமீட்டர் அகலம்னு வருது. நம்ம பக்கம் பாக்க வேண்டியது 2016 ஆயுத விதிகள்ல இருக்கிற பட்டியல், அதுல வாள், குத்துவாள், ஈட்டி இதோட, 9 இன்ச்சுக்கு மேல நீளமோ 2 இன்ச்சுக்கு மேல அகலமோ இருக்கிற கத்தியும் வருது, ஆனா அங்கயும் வீட்டு வேலை, விவசாயம், அறிவியல், தொழிற்சாலை உபயோகத்துக்கு செஞ்சது நீங்கலாகன்னு தெளிவா எழுதியிருக்கு. அதனால நம்ம வெட்டருவா 9 இன்ச்ச தாண்டுனா மட்டும் அது ஆயுதம் ஆயிடாது. இந்தப் பட்டியல்ல வர்ற சாமானுக்கு, மத்திய அரசு நோட்டிபிகேஷன் போட்டு அறிவிச்ச ஏரியாவுல வச்சிருந்தாலே லைசென்ஸ் வேணும், இல்லாம பிடிபட்டா வருஷக்கணக்குல ஜெயில். உங்க ஏரியா அதுல வருதான்னு கலெக்டர் ஆபீஸ்ல கேட்டுக்கலாம், ஆனா நேர்மையா சொன்னா, வாளும் குத்துவாளும் தேவைப்படாத நமக்கு அந்தக் கேள்வியே வர வேண்டியதில்ல.

இப்போ கவனமா படிங்க, பெரும்பாலானவங்க தெரியாம மாட்டுற இடம் இதுதான். "மாத்துனது"ன்னு சட்டத்துல ஒரு வார்த்தை இருக்குன்னு சொன்னேன்ல. வெட்டருவாவுக்கு ஒரு பக்கம் தான் வாய் இருக்கும், முதுகு மொத்தமா மழுங்கி இருக்கும், நுனி வளைஞ்சிருக்கும். அந்த முதுகையும் சாணை பிடிச்சு ரெண்டு பக்கமும் கூராக்கிட்டா, நுனிய நிமித்தி குத்துற மாதிரி ஆக்கிட்டா, பிடிய எடுத்துட்டு நீட்டமா வேற பிடி போட்டா, அது அதுக்கப்புறம் விவசாய அருவான்னு நீங்க சொல்லி யாரும் நம்ப மாட்டாங்க. அனுபவப்பட்ட ஏட்டய்யா அருவாவ கையில வாங்குனா முதல்ல பாக்கறது இத தான். பிடில சைக்கிள் டியூப் சுத்தி அது வேர்வை பட்டு வழவழன்னு தேஞ்சிருக்கா, இரும்புல வாழைக்கறை கருப்பா படிஞ்சிருக்கா, வாயில சின்னச் சின்னதா மொக்கை விழுந்திருக்கா, இல்ல பளபளன்னு கண்ணாடி மாதிரி புதுசா தீட்டி எண்ணெய் பூசி வச்சிருக்கான்னு பாப்பாரு. வேலை செய்யுற அருவா தன் வேலைய தானே சொல்லும், அதனால பார்டர் தாண்டிப் போறதுக்காக அத தேய்ச்சு பளபளப்பாக்கி எடுத்துட்டுப் போகாதீங்க, கறையோடயே இருக்கட்டும்.

வீச்சருவா, சூரிக்கத்தி, பட்டாக்கத்தி, பட்டன் கத்தி, இதுக்கெல்லாம் வீட்டுலயும் வேலை இல்ல, தோட்டத்துலயும் வேலை இல்ல. ஆன்லைன்ல ஆபர்ல கிடைக்குதுன்னு பசங்க மடக்குக் கத்தி, பட்டன் கத்தி வாங்கி கீச்செயின் மாதிரி பேண்ட்ல மாட்டிக்கிட்டு குமுளிக்கு டூர் போறாங்க, வாங்க முடியுதுங்கறதால வெளிய வச்சுக்கலாம்னு அர்த்தம் இல்ல தம்பிகளா. பட்டாக்கத்தில பிறந்தநாள் கேக் வெட்டி வீடியோ போட்டு எத்தனை பேர் உள்ள போயிருக்காங்கன்னு நியூஸ்ல பாக்கறீங்க தானே, அந்த வீடியோ தான் அவங்களுக்கு எதிரான முதல் சாட்சி.

சரி, விவசாய அருவாவுக்கு விலக்கு இருக்குன்னா அப்புறம் என்ன பயம்னு கேப்பீங்க. ரெண்டு விஷயம் இருக்கு. ஒண்ணு, அதே ஆயுதச் சட்டத்துல 20ம் பிரிவு, தப்பான காரியத்துக்குத் தான் கொண்டு போறாங்கன்னு நியாயமா சந்தேகப்படுற மாதிரி ஒருத்தர் ஆயுதம் கொண்டு போனா, லைசென்ஸ் இருந்தாலும் சரி இல்லாட்டியும் சரி, வாரண்ட் இல்லாமயே பிடிக்கலாம், பறிமுதல் பண்ணலாம். போலீஸ் மட்டும் இல்ல, ரயில், பஸ் மாதிரி வண்டில வேலை செய்யுறவங்களுக்கும் அந்த அதிகாரம் இருக்கு. அதுல வர்ற கேள்வியெல்லாம் எந்த நேரம், எந்த இடம், எப்படி வச்சிருந்தீங்கங்கறது தான். பகல் பன்னெண்டு மணிக்கு தோட்டத்துக்குள்ள இடுப்புல சொருகியிருக்கிற வாக்கத்தியும், ராத்திரி பதினொரு மணிக்கு பஸ் ஸ்டாண்டுல சட்டைக்குப் பின்னாடி முதுகுல சொருகியிருக்கிற வாக்கத்தியும் ஒரே கொல்லன் ஒரே நாள்ல அடிச்சதா இருக்கலாம், ஆனா பாக்கறவங்களுக்கு ஒண்ணு இல்ல.

இன்னொண்ணு தான் ரொம்ப முக்கியம். 2024 ஜூலை 1ல இருந்து இந்திய தண்டனைச் சட்டத்துக்குப் பதிலா பாரதிய நியாய சன்ஹிதா வந்திருச்சு. ஆயுதச் சட்டம் இந்தச் சாமான எதுக்கு செஞ்சாங்கன்னு கேக்கும், இந்தச் சட்டம் அதால என்ன செய்ய முடியும்னு கேக்கும். ஒரு ஆள் உயிர் போக வாய்ப்பிருக்கிற எந்தச் சாமானும் பயங்கர ஆயுதம் தான், அது அருவாமனையா இருந்தாலும் மம்பட்டியா இருந்தாலும். அஞ்சு பேரோ அதுக்கு மேலயோ சட்டவிரோதமா கூடியிருந்து அதுல உங்க கையில அருவா இருந்தா 189ம் பிரிவுல 2 வருஷம் வரைக்கும், அது கலவரமாயிட்டா 191ல 5 வருஷம் வரைக்கும். வெறும் கையால அடிச்சு சின்னக் காயம்னா 1 வருஷம் வரைக்கும் தான், அதே சின்னக் காயம் வெட்டுற சாமானால வந்தா 118ல 3 வருஷம் வரைக்கும் போகும். வாய்க்கால்ல தண்ணி திருப்புற சண்டை, வரப்புச் சண்டையில இது தான் நடக்குது, வேலைக்குன்னு கையில எடுத்துட்டு வந்த மம்பட்டிய கீழ போடாமயே பேச ஆரம்பிச்சு, அடுத்தவன் தள்ளி, இவன் ஓங்கி, அப்புறம் எப்ஐஆர்ல "பயங்கர ஆயுதங்களுடன்"னு வந்துரும். தகராறு ஆரம்பிக்குதுன்னு தெரிஞ்ச அடுத்த நிமிஷம் கையில இருக்கறத தூரமா வச்சிட்டு பேசுங்க, இதை நான் கெஞ்சிக் கேட்டுக்கறேன்.

இதே மாதிரி பேப்பர்ல "கூட்டுக்கொள்ளைக்கு திட்டமிட்ட 5 பேர் கைது"ன்னு அடிக்கடி வரும் பாருங்க, ராத்திரில சுடுகாட்டுப் பக்கமோ பாலத்துக்கு அடியிலயோ அஞ்சு பேர் அருவாவோட உக்காந்திருந்தா அந்தப் பிரிவு வரும், அது 310, தயாரிப்புன்னு நிரூபிச்சா 10 வருஷம் வரைக்கும். கொள்ளை நடக்கவே வேணாம், கூடுனதே போதும்.

எப்படி கொண்டு போகணும்

உறை போடுங்க. தோல் உறை கிடைக்கலைன்னா பழைய சாக்குத் துணிய நாலா மடிச்சு சுத்தி கயிறு போட்டு கட்டுங்க. எடுக்க ரெண்டு நிமிஷம் ஆகணும், அதான் கணக்கு, கைய விட்டதும் உருவிக்கிற மாதிரி இருக்கக் கூடாது. அதுக்காக ஒளிச்சும் வைக்காதீங்க, ஜீப் சீட்டுக்கு அடியில சொருகறது, டிரைவர் பக்கத்து கதவு இடுக்குல வைக்கறது, பைக் சீட் கவருக்குள்ள வைக்கறது எல்லாம் வேணாம், இதெல்லாம் போலீஸ் முதல்ல கைய விடுற இடம். தூக்குவாளி, மம்பட்டி, கூடை, பிளாஸ்டிக் சாக்கு, இதோட சேர்த்து ஒரே மூட்டையா ஜீப் பின்னாடியோ கேரியர்லயோ போடுங்க. வேலைச் சாமானுக்கு நடுவுல இருக்கிற அருவாவ வேலைச் சாமானா தான் பாப்பாங்க. தனியா ஒரே ஒரு அருவா மட்டும் பையில இருந்தா தான் கேள்வி வருது.

முடிஞ்சா தோட்டத்துலயே வச்சிட்டு வந்துருங்க, இது தான் எல்லாத்தையும் விட சுலபம். ஸ்டோர்ல பூட்டி வைக்கச் சொல்லி கங்காணிகிட்ட கேளுங்க, நிறைய எஸ்டேட்ல சாமான் அவங்களே குடுக்கறாங்க. டெய்லி கொண்டு போய் கொண்டு வந்தே ஆகணும்னா, எஸ்டேட் பேர் போட்ட அடையாள அட்டையோ சம்பளச் சீட்டோ, இல்ல கங்காணி போன் நம்பரோ ஆதாரோட வச்சுக்குங்க. கேட்டா நேரா பதில் சொல்லுங்க, எங்க போறோம், யார் தோட்டம், என்ன வேலை, "ஏலத்தோட்டத்துல பணிக்கு போகுவா சாரே" போதும், மலையாளம் வராட்டி தமிழ்லயே சொல்லுங்க, அங்க இருக்கறவங்களுக்கு புரியும். பொய் மட்டும் வேணாம், கத்தி இல்லன்னு சொல்லி அப்புறம் எடுத்தாங்கன்னா நீங்க சொல்ற எதையும் நம்ப மாட்டாங்க.

வேலை முடிஞ்சா நேரா வீடு. திரும்பி வரும்போது மூட்டையோட டாஸ்மாக் பக்கம் போறது, கல்யாண வீட்டுக்குப் போறது, பஞ்சாயத்துக்குப் போறது, இதெல்லாம் பண்ணாதீங்க. குடிச்ச ஆள் கையில அருவா இருந்தா அது என்ன அருவான்னு யாரும் கேக்க மாட்டாங்க.

பட்டறைல புதுசா அடிச்சு வாங்குனா ஒரு துண்டுச் சீட்டாவது எழுதி வாங்கிக்குங்க. 2021 செப்டம்பர்ல தமிழ்நாடு முழுக்க ரவுடிகள பிடிச்சு கத்திகள கைப்பற்றுன சமயத்துல, பட்டறைக்காரங்களும் கடைக்காரங்களும் வாங்குற ஆளோட பேர், அட்ரஸ், போன் நம்பர் எழுதி வைக்கணும்னு போலீஸ் சொன்னாங்க. கொல்லர் உங்க பேர் கேட்டா கோவப்படாம குடுங்க, அது உங்களுக்கும் சாட்சி தான். திருப்பாச்சேத்தில போய் கருப்பசாமிக்கு நேந்துக்கிட்ட அருவா வாங்கிட்டு வர்றவங்களுக்கும் இதே தான், பில் வாங்குங்க, துணில சுத்தி மாலை, தேங்காய், பூசைச் சாமானோட சேர்த்து வண்டில வைங்க, கோயிலுக்குப் போய் இறக்குற வரைக்கும் வெளிய எடுக்காதீங்க, முக்கியமா வண்டிக்கு மேல நின்னு தூக்கிக் காட்டிக்கிட்டு ஊர்வலம் போகாதீங்க.

காட்டுக்குள்ள போறப்ப சட்டமே வேற

நம்ம பார்டர்ல இது தெரியாம இருக்கவே கூடாது. 1972 வன உயிரின பாதுகாப்புச் சட்டத்துல ஆயுதம்ங்கறதுக்கு துப்பாக்கி, வலை, கண்ணி, விஷம் இதோட கத்தியையும் பேர் சொல்லியே சேர்த்திருக்காங்க, விவசாயக் கத்தி வீட்டுக் கத்திங்கற விலக்கு அங்க கிடையாது. 31ம் பிரிவுப்படி சரணாலயத்துக்குள்ள ஆயுதத்தோட போகணும்னா தலைமை வன உயிரினக் காப்பாளர்கிட்ட முன்கூட்டியே எழுத்துல அனுமதி வாங்கணும், தேசியப் பூங்காவுக்கும் இதே தான். மீறுனா 3 வருஷம் வரைக்கும் ஜெயில். அப்போ தேக்கடி பெரியார் காடு, போடிமெட்டு தாண்டி மதிகெட்டான் சோலை, உடுமலைல இருந்து மறையூர் போற வழில சின்னார், செங்கோட்டை தாண்டி ஆரியங்காவு பக்கம் செந்துருணி, இங்கயெல்லாம் ஏலத்தோட்டத்துக்குச் சொன்ன ரூல் ஓடாது. ரோட்டு வழியா கடந்து போறவங்க வன செக்போஸ்ட்ல நீங்களே முந்திக்கிட்டு சாமான் இருக்குன்னு சொல்லிருங்க, நடுவுல வண்டிய நிறுத்தி அருவாவோட இறங்காதீங்க. விறகுக்கோ தேனுக்கோ ரெண்டு எட்டு உள்ள போய் வர்றேன்னு போனீங்கன்னா வேட்டைக்கு வந்த ஆள்னு தான் எழுதுவாங்க.

சித்ரா பௌர்ணமிக்கு மங்கலதேவி கண்ணகி கோயிலுக்குப் போறவங்க இத வீட்டுல சொல்லி வைங்க. வருஷத்துல அந்த ஒரு நாள் தான் விடுறாங்க, போறது புலிகள் காப்பகம் வழியா, ரெண்டு மாநில போலீசும் வனத்துறையும் பையெல்லாம் பாப்பாங்க. எலுமிச்சம்பழம் அறுக்க, மாங்கா நறுக்கன்னு பூசைக்கூடைல கத்தி போட்டு வைக்கறது நம்ம பொம்பளைங்க பழக்கம், அன்னைக்கு மட்டும் வீட்டுலயே நறுக்கி டப்பால போட்டுக்குங்க. சத்திரம், புல்மேடு வழியா சபரிமலைக்கு நடந்து போற சாமிமாரும் அப்படியே, சமையல் கத்தியும் அருவாமனையும் வேன்லயே இருக்கட்டும்.

ஆந்திரா பக்கம் போறவங்களுக்கு ஒரு வார்த்தை. சேஷாசலம் காட்டுல செம்மரம் வெட்ட ஆள் கூட்டிட்டுப் போற புரோக்கர்கள் இன்னும் இருக்காங்க, மேஸ்திரி வேலை, பெயிண்டிங் வேலைன்னு சொல்லி கோடாலியும் ரம்பமும் கையில குடுப்பாங்க. 2015 ஏப்ரல் 7ம் தேதி அந்தக் காட்டுல நம்ம ஆளுங்க 20 பேர் ஆந்திர அதிரடிப்படை சுட்டு செத்துப் போனாங்க. என்ன வேலைன்னு சொல்லாம ராத்திரில வண்டி ஏத்துறான்னா, சம்பளம் எவ்ளோ சொன்னாலும் ஏறாதீங்க, ஏறுன புள்ளைங்கள திருப்பிக் கூப்பிடுங்க.

தேர்தல், ஜாதிக் கலவரம், பெரிய திருவிழா சமயத்துல கலெக்டர் தடை உத்தரவு போடுவாரு, முன்ன 144ன்னு சொல்லுவோம், இப்போ பிஎன்எஸ்எஸ் (பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலா வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா) 163, ரெண்டு மாசம் வரைக்கும் நிக்கும். அந்த உத்தரவுல ஆயுதம் எடுத்துட்டுப் போகக் கூடாதுன்னு இருந்தா அந்த நாள்ல வேலைச் சாமானையும் வெளிய எடுக்காம இருக்கறது தான் பாதுகாப்பு, கண்டிப்பா வேலை இருக்குன்னா ஸ்டேஷன்ல முன்னாடியே சொல்லிட்டுப் போங்க. பிளைட்ல போறவங்க கைப்பைல சின்னக் கத்தி கூட வேணாம், லக்கேஜ்ல போடுங்க. சீக்கியர்கள் வச்சிருக்கிற கிர்பானுக்கு அரசியலமைப்பு 25ம் பிரிவுலயே உரிமை இருக்கு, அவங்கள காட்டி நமக்கும் வேணும்னு வாதம் பண்ண முடியாது.

பாதுகாப்புக்குன்னு வச்சுக்கலாமா

இந்தக் கேள்வி பொம்பளைங்க தான் அதிகமா கேக்கறாங்க, நாலு மணி இருட்டுல ஜீப் நிக்கிற இடத்துக்கு தனியா நடந்து வர்றவங்களுக்கு அந்தப் பயம் நியாயமானது. தற்காப்பு உரிமை பாரதிய நியாய சன்ஹிதாவுல இருக்கு, 34ல இருந்து 44 வரைக்கும் அதுக்குன்னே பிரிவுகள் வச்சிருக்காங்க, உயிருக்கு ஆபத்துன்னா கையில கிடைச்சத வச்சு காப்பாத்திக்கலாம். ஆனா அந்த உரிமை தாக்குதல் வரும்போது வர்றது, முன்னாடியே கத்திய இடுப்புல சொருகிக்கிட்டு திரியுறதுக்கு அது அனுமதி இல்ல. "எதுக்கு வச்சிருக்க"ன்னு கேக்கும்போது "பாதுகாப்புக்கு"ன்னு சொன்னா, அந்தச் சாமான ஆயுதமா தான் வச்சிருக்கேன்னு நீங்களே ஒத்துக்கிட்டதா ஆயிரும், விவசாய விலக்கு அங்கயே போச்சு. நல்ல டார்ச்சும் பெப்பர் ஸ்ப்ரேயும் வச்சுக்குங்க, ஸ்ப்ரேக்கு லைசென்ஸ் வேணாம். நாலு பேரா சேர்ந்து வாங்க. யானை பயம்னா அதுக்கு அருவா எதுக்கும் ஆகாது, டார்ச்சும் தூரமும் தான்.

பிடிச்சிட்டாங்கன்னா

சத்தம் போடாதீங்க, கைய உதறாதீங்க, சாமான நீங்களா எடுத்து நீட்டாதீங்க, எங்க இருக்குன்னு சொல்லுங்க, அவங்களே எடுக்கட்டும். பொம்பளைங்கள பொம்பளை போலீஸ் தான் சோதிக்கணும். பறிமுதல் பண்ணா மகஜர் (என்ன சாமான எடுத்தாங்கன்னு எழுதுற பேப்பர்) எழுதணும், சோதனையையும் பறிமுதலையும் வீடியோ எடுக்கணும்னு பிஎன்எஸ்எஸ் 105ல இருக்கு, மகஜர்ல அருவா எந்த மாதிரி, நீளம் எவ்ளோ, உறையோட மூட்டைக்குள்ள இருந்துச்சான்னு எழுதச் சொல்லிக் கேளுங்க, அந்த ஒரு வரி பின்னாடி கோர்ட்ல உங்கள காப்பாத்தும். கைது பண்ணா காரணத்த உங்களுக்குப் புரியிற பாஷைல சொல்லணும், மலையாளத்துல எழுதுன பேப்பர்ல அர்த்தம் கேக்காம கையெழுத்து போடாதீங்க, யாராவது தமிழ்ல படிச்சு சொன்னப்புறம் போடுங்க. வீட்டுக்குத் தகவல் சொல்ல உரிமை இருக்கு, 24 மணி நேரத்துக்குள்ள மாஜிஸ்திரேட் முன்னாடி நிறுத்தணும். 7 வருஷத்துக்குள்ள தண்டனை வர்ற நிறைய கேஸ்ல கைது பண்ணாம நோட்டீஸ் குடுத்தே விசாரிக்கலாம்னு பிஎன்எஸ்எஸ் 35ம் பிரிவு இருக்கு, வக்கீல்கிட்ட அத ஞாபகப்படுத்துங்க.

கேஸ் கேரளாவுல போட்டா கட்டப்பனையோ பீர்மேடோ நெடுங்கண்டமோ அங்க தான் நடக்கும், ஜாமீனுக்கு அந்த ஊர்ல நிலவரி ரசீது வச்சிருக்கிற ஆள் வேணும்னு பல நேரம் கேப்பாங்க, அதனால தோட்ட முதலாளிக்கோ கங்காணிக்கோ முதல் போன் போட்டுருங்க. வக்கீலுக்கு காசு இல்லன்னா 15100க்கு போன் பண்ணுங்க, இலவச சட்ட உதவி நம்பர், இந்தியா முழுக்க வேலை செய்யும், பொம்பளைங்களுக்கும் எஸ்சி எஸ்டிக்கும் வருமானம் எவ்ளோ இருந்தாலும் இலவச வக்கீல் உண்டு. ஜீப்ல போற எல்லாரும் அந்த நம்பர போன்ல பதிஞ்சு வைங்க, போன் இல்லாத பாட்டிமாருக்கு சம்பளச் சீட்டுக்குப் பின்னாடி எழுதிக் குடுங்க.